இரண்டு மாடி உயரப் போர்டிகோ

நகரங்களையும் கட்டடங்களையும் பற்றி எழுதுவது என் தொழில். திருச்செங்கோட்டில் ஒரு வீட்டின் போர்டிகோ இரண்டு மாடி உயரத்துக்கு இருந்தது. தெருவில் நின்றபடியே படம் எடுத்து, 'வெட்டிப் பகட்டு' என்று பத்திரிகையில் எழுதிவிட்டேன்.

மழைக்காலத்தில் மறுபடி அந்தப் பக்கம் போனேன். போர்டிகோவுக்குள் ஆழ்துளைக் கிணறு போடும் ரிக் லாரி ஒன்று கச்சிதமாக நின்றிருந்தது. எனக்குச் சுருக்கென்றது. கதவைத் தட்டி, எழுதியது நான்தான் என்றேன்.

வீட்டுக்கார அம்மா சிரித்தார். "படிச்சோமுங்க. பத்து மாசம் ஊரூரா அலையற வண்டியுங்க. மழைக்குத்தான் திரும்பி வருது. அதுக்கும் ஒரு ஊடு வேண்டாமுங்களா? உள்ள வாங்க சாமி, காப்பி குடிக்கலாம்."

அடுத்த இதழிலேயே என் தவறை எழுதினேன். இப்போதெல்லாம் படம் எடுக்கும் முன்பே கதவைத் தட்டிவிடுகிறேன். பாதி வீடுகளில் காபியும் கிடைக்கிறது.