படத்தில் இல்லாத அழுகை

என் தங்கை ஆவணப்படம் எடுக்கிறாள். நான் அவளுக்கு மைக் கம்பு பிடிக்கிறேன். எட்டாவதோடு பள்ளியை விட்டவன்தான். ஆனால் நான் பிடித்த கம்பின் நிழல் இதுவரை ஒரு காட்சியிலும் விழுந்ததில்லை.

அவள் படத்தில் மந்திரியும் நடிகரும் வரமாட்டார்கள். லிஃப்ட் இயக்குபவர் வருவார், சாக்கடை அடைப்பு எடுப்பவர் வருவார். முதல் சில நாள் கேமராவைப் பையிலிருந்தே எடுக்கமாட்டாள். அவர்களோடு உட்கார்ந்து கதை பேசுவாள். படம் முடிந்ததும் முதலில் அவர்களுக்குத்தான் போட்டுக் காட்டுவாள். வேண்டாம் என்று அவர்கள் சொல்லும் இடத்தை வெட்டிவிடுவாள். இந்த நல்ல குணத்தால் இன்னும் வாடகை வீட்டில்தான் இருக்கிறாள்.

போன வருடம் ஒரு ஆஸ்பத்திரியின் சலவைக்கூடத்தில் வேலை பார்க்கும் அக்காவைப் படமெடுத்தோம். வாய் ஓயாமல் பேசிச் சிரிப்பவர். ஒருநாள் குழந்தைகள் வார்டிலிருந்து வந்த சின்னப் போர்வை ஒன்றை மடிக்கும்போது பேச்சு நின்றது. அழுதுவிட்டார். ஏன் என்று தங்கை கேட்கவில்லை. மெஷின் இரைச்சலுக்கு நடுவே அந்த விசும்பலை மைக்கில் வாங்கியது நான்தான்.

படம் முடியுமுன்பே சில காட்சிகளைக் கேட்டு வாங்கிப் பார்த்த ஒரு டிவிக்காரருக்கு அந்தக் காட்சி ஒன்றே போதும் என்றாகிவிட்டது. அது இருந்தால் படத்தை வாங்கிக்கொள்வதாகச் சொன்னார். தானே கண் கலங்கிவிட்டதாகவும் சொன்னார். அழுதவர் பெயரை மட்டும் கேட்கவில்லை.

படம் முடிந்ததும் அக்காவுக்குப் போட்டுக் காட்டினோம்.

"பாப்பா, நான் அழுவறத எடுத்துரு. என் நாத்தனார் முன்னாடி இன்னிக்கு வரைக்கும் நான் கண்ணு கலங்குனதில்ல. அதுக்காகவே அவ காத்துக்கிட்டு இருக்கா. டிவியில கொண்டுபோய்க் கொடுத்துராத."

கொஞ்சம் எடுத்துச் சொல்லிப் பாரேன் என்று தங்கையிடம் முணுமுணுத்தேன்.

"அழுதது அவங்க, அண்ணே. நாம கேமராதான் வச்சிருந்தோம்."

அன்றே வெட்டினாள். டிவிக்காரர் மிச்சத்தைப் பார்த்துவிட்டு, இந்தம்மா சிரித்துக்கொண்டே இருந்தால் கஷ்டப்படுகிறவர் என்று யார் நம்புவார்கள் என்று வருத்தப்பட்டார். அதன் பிறகு போனை எடுப்பதையும் நிறுத்திக்கொண்டார்.

கடைசியில் சலவைக்கூடத்திலேயே ஒரு படுக்கை விரிப்பைக் கட்டிப் படம் போட்டோம். நாத்தனாரும் வந்திருந்தார். அண்ணி ஆஸ்பத்திரிக்குப் போவதே ஃபேனுக்கு அடியில் உட்காரத்தான் என்று தெருவெல்லாம் சொல்லிக்கொண்டிருந்தவர். ஆவி பறக்கும் மெஷினுக்குள் அண்ணி பாதி உடம்பை விட்டு ஈரத்துணியை இழுப்பதைப் பார்த்ததும் பையில் கைக்குட்டையைத் தேடினார். பிறகு தேடுவதையும் விட்டுவிட்டு அழுதார்.

அக்கா திரையைப் பார்க்கவே இல்லை. நாத்தனாரையே பார்த்துக்கொண்டிருந்தார். முகத்தில் அப்படியொரு நிறைவு. தங்கையின் காதருகே குனிந்தார்.

"எடுத்துட்டியா பாப்பா?"

கேமரா பைக்குள் இருந்தது.

"இல்லக்கா. அவங்களக் கேக்காம எப்படி எடுக்கறது?"

அதற்கப்புறம் வெகுநாள் அக்கா அவளோடு பேசவில்லை. இவ்வளவு நல்லவளாக இருந்தால் உன் தங்கை எப்படிப் பிழைப்பாள் என்று என்னைப் பிடித்துக் கேட்டார். அதெல்லாம் பிழைப்பாள் என்று விட்டுக்கொடுக்காமல் சொல்லிவிட்டு வந்தேன். வீட்டுக்கு வந்து தங்கையிடம் அதே கேள்வியைக் கேட்டேன்.