தோர்ண்டன் ஹீத்தில் எலேனாவின் படம்

போன மாதம் ஒரு சனிக்கிழமை, வடமேற்கு லண்டனின் ரெய்னர்ஸ் லேனிலிருந்து தென்லண்டனில் இருக்கும் தோர்ண்டன் ஹீத்துக்கு ஒரு படம் பார்க்கப் போனேன். படத்தை எடுத்தவரை அழைத்துப் போகும் பொறுப்பும் என்னுடையது. அவர் பெயர் எலேனா. எழுபதைத் தாண்டிய மெக்சிகோக்காரர், என் அலுவலகத் தோழி மார்த்தாவின் அத்தை. மார்த்தாவுக்கு அன்று ஷிப்ட்.

முப்பது வருடத்தில் எலேனா எடுத்தவை நான்கு படங்கள். எல்லாமே சரித்திரக் கதைகள். சீருடை தைக்க வசதியில்லாமல் படைவீரர்களை விடியற்காலை மங்கலில், தூரத்திலிருந்தே படம்பிடித்தவர். அவர் ஊரிலேயே பலருக்கு அவரைத் தெரியாது. லண்டனில் இதுதான் முதல் திரையிடல். மறுநாள் அவருக்கு விமானம்.

12.15-க்குக் கிளம்பினோம். விக்டோரியாவில் மாறி ஏறிய ரயில் கிளாப்ஹம் ஜங்ஷனுக்கு முன்னால் நின்றுவிட்டது. எலேனா பையை மடியில் இறுக்கிக்கொண்டார். உதடு வெளுத்திருந்தது. "மூச்சு வரவில்லை" என்றார். தண்ணீர் கொடுத்தேன். ஒருவழியாக அந்த ஸ்டேஷனில் எல்லோரையும் இறக்கிவிட்டபோது மணி 1.55. படம் இரண்டு மணிக்கு.

அங்கிருந்து ஆறு மைல் தூரம், மினிகேப் எனும் வாடகைக் காருக்கு 22 பவுண்டு. ஓட்டுநர் யாழ்ப்பாணத்துக்காரர்.

"அண்ணா, சீக்கிரம் போயிட முடியுமா?"

"ஏலாது தம்பி, சரியான நெரிசல். உள் ரோட்டாலை போறன். அம்மாவுக்குச் சுகமில்லையோ?"

"பதட்டம்தான். அவங்க எடுத்த படத்தை இன்னைக்குப் போடுறாங்க."

"அப்ப அம்மா இல்லாமல் தொடங்க மாட்டினம். பயப்பிடாதேங்கோ."

2.40-க்குப் போய்ச் சேர்ந்தோம். ஹாலில் இருபது பேர் போலக் காத்திருந்தார்கள். ஆனால் நான்கு மணிக்கு அதே ஹாலில் நடன வகுப்பு. படமோ ஒரு மணி ஐம்பது நிமிடம். ரத்து செய்துவிடலாமா என்று பொறுப்பாளர் தயங்கிக் கேட்டார்.

எலேனா, "முதல் நாற்பது நிமிடத்தை விட்டுவிடுங்கள். அதை நானே சொல்கிறேன்" என்றார்.

திரைக்கு முன்னால் நின்று, திக்கித் திணறும் ஆங்கிலத்தில், முற்றுகையிடப்பட்ட ஒரு சுரங்க ஊரின் கதையைச் சொன்னார். யாராவது எழுந்து போய்விடுவார்களோ என்று நான் கதவையே பார்த்துக்கொண்டிருந்தேன். ஒருவரும் போகவில்லை. விளக்கு அணைந்து படம் ஓடத் தொடங்கியபோதுதான், பின்வரிசையில் எங்கள் ஓட்டுநர் உட்கார்ந்திருப்பதைக் கவனித்தேன்.

திரும்பும்போது அவரே ஸ்டேஷனில் கொண்டுபோய் விட்டார். "தம்பி, அம்மாவிட்டை ஒண்டு கேளுங்கோ. சண்டையிலை ரெண்டு பக்கமும் ஒரே குதிரைதானே ஓடுது?"

மொழிபெயர்த்துச் சொன்னேன். அன்று முதல் தடவையாக எலேனா வாய்விட்டுச் சிரித்தார்.

"ஆமாம், என்னிடம் இருந்தது அது ஒன்றுதான். அது செத்த பிறகு நான் போர்க் காட்சியே எடுக்கவில்லை."

வார இறுதியில் தென்லண்டனுக்குப் போகிறவர்கள் கிளம்புவதற்குமுன் ரயில் ஓடுகிறதா என்று பார்த்துக்கொள்ளுங்கள். ஒரு மணி நேரமாவது கூடுதலாக வைத்துக்கொள்ளுங்கள். அப்படியும் தாமதமானால், பாதிப் படம்தானே என்று வாசலோடு திரும்பிவிடாதீர்கள். உள்ளே போய் உட்காருங்கள்.