உறுமும் சுவரும் கிண்ணத்தக்காவும்

எங்கள் ஊர்ச் சுவர் இரண்டு ஆள் உயரம்தான். அதைப் பார்த்துச் சிரித்த வெளியூர்க்காரர்கள் உண்டு. அது உறுமத் தொடங்கிய பிறகு சிரித்தவர் இல்லை. வெளிப்பக்கம் முழுக்கச் சுட்ட மண்ணில் செய்த வாய்கள். உள்ளே குழாய்கள், அடியில் துருத்தி அறைகள். ஆட்கள் துருத்தியை மிதித்தால் சுவர் உறுமும். அது காதில் அவ்வளவாகக் கேட்காது, அடிவயிற்றில் கேட்கும். எல்லைக் கல்லைத் தாண்டிச் சுவரை நெருங்கியவன் தள்ளாடி விழுவான். நேரமானால் மூக்கில் ரத்தம் வரும்.

அந்தச் சத்தம் ஊருக்குள் வராமலிருக்க உள்பக்கம் இன்னொரு சுவர். இரண்டுக்கும் நடுவே கம்பளியும் மரத்தூளும் திணித்திருக்கும். அந்த அடைப்பைப் பார்த்துக்கொண்டவள்தான் கிண்ணத்தக்கா. சுவரோர வீடுகளில் நுழைந்து, தரையில் ஒரு வெண்கலக் கிண்ணத்தை வைத்துத் தண்ணீர் ஊற்றுவாள். தண்ணீர் நடுங்கினால் அடைப்பு எங்கோ இறங்கிவிட்டது என்று பொருள்.

"சுவர் நல்லாத்தான்டி இருக்கு. உன் புருஷன் குறட்டைக்குத்தான் தண்ணி ஆடுது" என்பாள் என்னிடம்.

அவள் கணவர் இருபது வருடம் துருத்தி மிதித்துக் காது போனவர். பேசுகிறவர் வாயைப் பார்த்துத்தான் புரிந்துகொள்வார். "சண்டை போடலாம்னா முகத்தைத் திருப்பிக்கிறாரு. அதோட சண்டை முடிஞ்சுது. இப்படி ஒரு ஆளோட எப்படிக் குடும்பம் நடத்துறது?" என்று சொல்லிச் சிரிப்பாள். பிள்ளைகள் இல்லை. ஒருவருக்கொருவர் அவர்கள்தான்.

முற்றுகை வந்தது. சுவர் இரவு பகலாக உறுமியது. பதினோராம் நாள் காலை, நான்கு மாதமான என் மகன் பால் குடிக்கவில்லை. கண் மேலே சொருகியது. கிண்ணத்தக்காவை இழுத்துக்கொண்டு வந்தேன். தொட்டிலுக்கடியில் கிண்ணத்தை வைத்தாள். தண்ணீர் துள்ளி வெளியே சிந்தியது.

பிள்ளையைத் தூக்கிக்கொண்டு ஓடவும் வழியில்லை. நாங்கள் ஓடிவிட்டால் துருத்தி மிதிக்க ஆளிருக்காது என்று, தெருவின் இரண்டு முனையையும் பூட்டியிருந்தார்கள். உள்சுவரைத் திறந்து அடைக்க வேண்டுமென்றால் அந்தப் பகுதித் துருத்தி நிற்க வேண்டும். அக்கா காவல் அதிகாரியிடம் போய்க் கேட்டாள்.

"ஒரு துருத்தியும் நிக்காது" என்றார் அவர்.

"அக்கா, ஏதாவது பண்ணுக்கா" என்று அவள் காலைப் பிடித்தேன்.

அவள் நேரே துருத்தி அறைக்கு இறங்கினாள். நான் படியிலேயே நின்றேன். கணவரின் முகத்தை இரண்டு கையாலும் தன் பக்கம் திருப்பி, வாயசைத்தாள்.

"எவ்வளவு நேரம்?" என்று அவர் உரக்கக் கேட்டார்.

"ஒரு பானைத் தண்ணி கொதிக்கிற நேரம்."

அவர் துருத்தியிலிருந்து இறங்கினார். மற்றவர்களையும் இறங்கச் சொன்னார்.

அக்கா கல்லைப் பெயர்த்தாள். தன் மெத்தையையும் என் கம்பளிகளையும் கிழித்துத் திணித்து, கல்லை மூடிச் சுண்ணாம்பு பூசினாள். துருத்தி மறுபடி ஓடியபோது கிண்ணத்தில் தண்ணீர் அசையவில்லை. என் மகன் பால் குடித்துவிட்டுத் தூங்கினான்.

ஆனால் அந்தக் கொஞ்ச நேரத்தில் எதிரிகள் ஐந்து பேர் ஏணி போட்டு ஏறிவிட்டார்கள். அவர்களை வெட்டிச் சாய்ப்பதற்குள் எங்கள் காவலர் இரண்டு பேர் செத்தார்கள்.

விசாரணையில், "நான்தான் நிறுத்தினேன்" என்றார் அக்காவின் கணவர். "நான் சொல்லித்தான் நிறுத்தினாரு" என்றாள் அக்கா.

அதிகாரி யோசிக்கவே இல்லை. "அடைப்பு வேலை தெரிஞ்சவ ஊர்ல இவ ஒருத்திதான். துருத்தி மிதிக்க எத்தனையோ கால் இருக்கு. அவனைச் சுவருக்கு வெளிய அனுப்புங்க."

சாட்சி சொல்ல என்னை யாரும் கூப்பிடவில்லை. நானாகவும் போகவில்லை.

வாசலில் ஒரு காவலன், "செவிடன்தானே, ஒண்ணும் ஆகாது. நடந்தே தப்பிச்சிடுவான்" என்றான்.

"தண்ணிக்கு மட்டும் காதா இருக்கு?" என்றாள் அக்கா. அவன் வேறு பக்கம் பார்த்தான்.

சுவரிலிருந்த கண்துளை வழியாக அவள் பார்த்தாள். முப்பது அடி வரை நேராக நடந்தார். பிறகு குடித்தவர் போலத் தள்ளாடினார். விழுந்தார், எழுந்தார், தவழ்ந்தார். புழுதியில் அதற்கு மேல் தெரியவில்லை.

இருபத்தாறாம் நாள் எதிரிகள் போய்விட்டார்கள். சுவரின் உறுமல் நின்றது. அக்கா மண்வெட்டியோடு வெளியே போனாள், நானும் போனேன். எல்லைக் கல்லுக்கு ஒரு கை தூரம் இப்பால் கிடந்தார். நாங்கள் இரண்டு பேரும் மாற்றி மாற்றித் தோண்டினோம்.

அதன் பிறகும் ஒன்பது வருடம் மாதம் தவறாமல் எங்கள் வீட்டுக்கு வந்தாள். கிண்ணத்தை வைப்பாள், "ஆடல" என்பாள், போய்விடுவாள். கேலி கிண்டல் எல்லாம் போயிற்று. என் மகன் பக்கம் திரும்பவே மாட்டாள். ஒருநாள் அவனே கேட்டுவிட்டான்.

"பெரியம்மா, ஏன் என்னைப் பாக்கவே மாட்டேங்கிறீங்க?"

"பாத்தா உன்னை வெறுத்துடுவேனோன்னு பயமா இருக்குடா" என்றாள், தரையைப் பார்த்தபடி.

போன மழைக்காலத்தில் காய்ச்சலில் போய்விட்டாள். குளிப்பாட்டியது நான்தான். வீட்டுக்கு வந்ததும் மகனை உட்காரவைத்து, அதுவரை சொல்லாத எல்லாவற்றையும் சொன்னேன். நான் காலைப் பிடித்ததையும், பிறகு வாய் திறக்காததையும் சொன்னேன். முழுக்கக் கேட்டான். எழுந்து வெளியே போனான். அன்று அவன் சாப்பிட வரவில்லை.