மஞ்சள் தண்ணீர்க் கோடு

சம்பூர்ணம் பிறந்தது வடகுப்பத்தில், வாழ்க்கைப்பட்டது தென்குப்பத்தில். மாமல்லபுரத்துக்குத் தெற்கே, ஒரு சவுக்குத் தோப்பு மட்டும் குறுக்கே இருந்த இரண்டு மீனவர் ஊர்கள்.

அவற்றுக்குள் சண்டை வருவது புதிதல்ல. ஆனால் சண்டைக்கும் ஒரு முறை இருந்தது. துடுப்பால் அடிக்கலாம், அரிவாள் எடுக்கக் கூடாது. பெண்களைத் தொடக் கூடாது. கட்டுமரத்திலும் வலையிலும் கை வைக்கவே கூடாது. மண்டை உடைந்தால் ஆறிவிடும், மரம் போனால் வீடே பட்டினி கிடக்கும். அடித்தது போதும் என்றானதும், ஒரு ஊரில் பிறந்து மற்ற ஊரில் வாழ்கிற பெண் ஒருத்தி குடத்தில் மஞ்சள் தண்ணீர் கொண்டுவந்து நடுமணலில் கோடாக ஊற்றுவாள். கோடு விழுந்தால் துடுப்பும் விழ வேண்டும். இருபது வருஷத்தில் சம்பூர்ணம் மூன்று முறை ஊற்றியிருந்தாள். கல்யாண வீடுகளில் அவளைத்தான் முன்வரிசையில் உட்கார வைப்பார்கள்.

எழுபத்தேழில் வடகுப்பத்துக்கு விசைப்படகுகள் வந்தன. முதலில் வாங்கியவன் அவள் அண்ணன் காசிநாதன். ஆழத்துக்குப் போகாமல் கரையோரமே ஓட்டினார்கள். தென்குப்பத்தார் விரித்த வலைகளைப் படகுகள் அறுத்துக்கொண்டு போயின. சொல்லிச் சொல்லிப் பார்த்து அலுத்துப்போய், சம்பூர்ணத்தின் புருஷன் சடையனும் மற்றவர்களும் ஒரு விசைப்படகை மடக்கிக் கரையில் ஏற்றிவிட்டார்கள்.

மறுநாள் திருக்கழுக்குன்றம் சந்தையில் அவள் மீன் விற்கும் இடத்துக்கே காசிநாதன் வந்தான்.

"நாளிக்குக் காலைல வரோம். எங்காளுங்க கொதிச்சிகினு கீறானுங்க. ரெண்டு அடி குடுத்து ரெண்டு அடி வாங்கினாத்தான் அடங்குவானுங்க. நீ சீக்கிரமே தண்ணி எடுத்துகினு வந்துடு. படகக் குடுத்துட்டா அத்தோட முடிஞ்சிது."

"மெய்யாலுமா அண்ணாத்த?"

செதில் ஒட்டியிருந்த அவள் கையைப் பிடித்துக்கொண்டான். "நம்ம சாமி கன்னியம்மா மேல சத்தியம்."

வீட்டில் சொன்னாள். "காசி சொன்னா செய்வான்" என்றான் சடையன்.

சொன்னபடி காலையில் வந்தார்கள். துடுப்புகள் மோதின. இரண்டு பேருக்கு மண்டையில் ரத்தம் வந்ததும் சம்பூர்ணம் குடத்தோடு நடுவில் நடந்து தண்ணீரை ஊற்றினாள். முதலில் துடுப்பைப் போட்டவன் சடையன். அவனைப் பார்த்து ஊரே போட்டது.

அப்போதுதான் கடலிலிருந்து இஞ்சின் சத்தம் கேட்டது. இரண்டு விசைப்படகுகளில் வந்து குதித்தவர்கள், வரிசையாகக் கிடந்த கட்டுமரங்கள் மேலும் காயப்போட்டிருந்த வலைகள் மேலும் மண்ணெண்ணெயைக் கொட்டிக் கொளுத்தினார்கள். வெறுங்கையோடு ஓடிய சடையனை ஒருத்தன் அரிவாளால் வெட்டினான். வலது கையில் மூன்று விரல் போயிற்று.

காசிநாதன் கோட்டுக்கு அந்தப் பக்கம் அசையாமல் நின்றிருந்தான்.

"அடப்பாவி! இன்னா பண்ணிட்ட?" என்று கத்தினாள்.

"நா கோட்டத் தாண்டல. பாத்துக்கோ" என்றான்.

அன்றிலிருந்து தென்குப்பத்துப் பெண்கள் அவளோடு தண்ணீருக்குப் போவதில்லை. தெரிந்தேதான் ஊற்றினாள் என்று பேச்சு. அதையெல்லாம் அவள் பொறுத்துக்கொண்டாள். ஆஸ்பத்திரியில் கட்டுப் போட்ட கையை மடியில் வைத்துக்கொண்டு சடையன் கேட்டதைத்தான் பொறுக்க முடியவில்லை.

"உனுக்கு முன்னாடியே தெரியுமா?"



வழக்கு செங்கல்பட்டு கோர்ட்டுக்குப் போயிற்று. விசாரணைக்கு நாலு நாள் முன்னால் இரண்டு ஊர்ப் பெரியவர்களும் கூடிப் பேசினார்கள். தென்குப்பத்துக்கும் விசைப்படகு வாங்கக் கடன் கொடுக்க வடகுப்பத்தார் ஆள் பிடித்துத் தருவார்கள். தென்குப்பத்தார் யாரையும் அடையாளம் காட்டக் கூடாது. இதைச் சொல்லத் தென்குப்பத்துப் பெரியவர் திருவேங்கடம் வீடு தேடி வந்தார்.

"நமக்கும் படகு வருது. வுட்டுடு" என்றான் சடையன்.

"உன் வெரலு?"

"போனது போச்சு."

கோர்ட்டில் தென்குப்பத்துச் சாட்சிகள் ஆறு பேர் புகையில் ஆள் தெரியவில்லை என்றார்கள். அவர்களில் ஒருவனாகச் சடையனும் அதையே சொன்னான். ஏழாவதாகக் கூண்டில் ஏறிய சம்பூர்ணம் மட்டும் சந்தையில் நடந்ததிலிருந்து ஒன்றுவிடாமல் சொல்லி, அண்ணனைக் கை நீட்டிக் காட்டினாள். வெட்டுப்பட்டவனே மாற்றிச் சொல்லியிருந்ததால் வழக்கு நிற்கவில்லை. வெளியே தாழ்வாரத்தில் காசிநாதனும் திருவேங்கடமும் ஒரே தட்டில் பஜ்ஜி தின்றுகொண்டிருந்தார்கள். சடையன் கொஞ்சம் தள்ளி நின்றான். அவள் யாருக்காகவும் நிற்காமல் பஸ் ஏறினாள்.

எழுபத்தொன்பதில் மறுபடியும் சண்டை மூண்டது. இந்த முறை இரண்டு பக்கமும் விசைப்படகு. துடுப்புக்குப் பதில் பெட்ரோல் பாட்டிலும் சுளுக்கி என்கிற குத்தீட்டியும். முதல் நாளே தென்குப்பத்து ஆள் ஒருவன் செத்தான். அதுவரை அந்த இரண்டு ஊர்ச் சண்டையில் உயிர் போனதில்லை.

திருவேங்கடம் ஓடிவந்து வாசலில் நின்றார். "அம்மா, நீ ஒருதரம் தண்ணி ஊத்தினா..."

சம்பூர்ணம் மீன்கூடைக்குச் சும்மாடு சுற்றிக்கொண்டிருந்தாள்.

"ஊத்தலாம். எவன் கீழ போடுவான்? நீ போடுவியா? இதோ குந்திகினு கீறானே, இவன் போடுவானா?"

சடையன் தலையைக் குனிந்துகொண்டான். அவள் கூடையைத் தானே தூக்கித் தலையில் வைத்துக்கொண்டு, திருக்கழுக்குன்றம் பஸ்ஸைப் பிடிக்க நடந்தாள்.