பாபதோஷின் வலது கை

சுதபா ஹாஸ்ரா முப்பது வருடமாகப் படம் எடுக்கிறாள். பாட்டு கிடையாது, சண்டை கிடையாது. பஞ்சம், கலவரம், மூடிய ஆலை என்று எல்லாமே ஆவணப்படங்கள். "நெசமான சினிமா எப்பதான்டி எடுப்பே?" என்று பெரியம்மா துர்கா பூஜைக்குப் பூஜை கேட்பாள். சுதபா சிரித்தபடி இன்னொரு சந்தேஷ் இனிப்பை வாயில் போட்டுக்கொள்வாள்.

ஒவ்வொரு பேட்டியும் முடிந்ததும் ஒரு நிமிடம் யாரும் பேசக் கூடாது. அறையின் வெறும் சத்தத்தை ஒலிப்பதிவாளர் நீலமணி பிடித்துக்கொள்வார். கேமரா ஓடினாலும் அந்த நிமிடத்தில் பதிவான எதையும் படத்தில் காட்ட மாட்டேன் என்று எல்லோருக்கும் சுதபா வாக்குக் கொடுப்பாள். ஒருமுறையும் மீறியதில்லை. கப்பலின் ஊதல், காக்கை, யாரோ துணி துவைக்கும் ஓசை என்று அந்த நிமிடங்கள் அவளுக்குப் பாதிக் கனவு மாதிரி.

கடைசிப் படம், கங்கைக் கரைச் சணல் ஆலை வாசலில் நடந்த போலீஸ் துப்பாக்கிச்சூடு பற்றியது. யாரும் உத்தரவே கொடுக்கவில்லை என்றது விசாரணை. துப்பாக்கிகளுக்குத் தாமாகவே கோபம் வந்துவிட்டது போலும்! அன்று கணவனைப் பறிகொடுத்த ரேபதி மட்டும், ஒரு கை உயர்ந்து இறங்கியதைப் பார்த்தேன் என்று சொல்லிக்கொண்டே இருந்தாள். துக்கத்தில் உளறுகிறாள் என்றார்கள். பெற்ற மகளே "போதும்மா" என்று அலுத்துப்போனாள்.

அன்று போலீஸ் படையை நடத்திய, இப்போது ஓய்வுபெற்ற அதிகாரி பாபதோஷ் சன்யாலும் பேட்டியில் ஒன்றும் ஞாபகமில்லை என்றார். அப்புறம் அந்த ஒரு நிமிடம் வந்தது. மதிய வெயில் தரையில் நகர்ந்துகொண்டிருந்தது. அவர் கண்களை மூடினார். வலது கை மெல்ல எழுந்து, தோளுக்கு மேலே நின்று, சட்டென்று விழுந்தது.

படத்தொகுப்பு அறையில் அதைத் திரும்பத் திரும்பப் பார்த்தாள் சுதபா. தண்ணீருக்குள்ளிருந்து எழுவது போல அந்தக் கை எழுந்தது. காட்டினால் வாக்குப் போகும். காட்டாவிட்டால் ரேபதி பொய்க்காரியாகவே சாவாள். நான்காம் நாள் மடிக்கணினியோடு பாபதோஷின் வீட்டுக்கே போனாள்.

அவர் இரண்டு தடவை பார்த்தார். டீயில் ஆடை படிந்தது.

"உங்க சம்மதம் இல்லாம காட்ட மாட்டேன்," என்றாள்.

"அந்தக் கை என்னைக் கேட்டா எழுந்துச்சு?" என்றார். மடிக்கணினியை மெல்ல மூடிவிட்டு, "காட்டும்மா. அந்தம்மாவுக்கு முதல்ல காட்டு," என்றார்.

தொழிற்சங்கக் கூடத்தில் வெள்ளை வேட்டியைக் கட்டித் திரையிட்டார்கள். முன்வரிசையில் ரேபதி. திரையில் பாபதோஷின் பேச்சு முடிந்து அந்த ஒரு நிமிடம் வந்தது. ஜன்னல், வெயில், எங்கோ ஒரு படகின் ஊதல். கை எழுந்தது, விழுந்தது.

ரேபதி அழவில்லை. திரையிலிருந்து கண்ணை எடுக்காமலே பக்கத்தில் இருந்தவளிடம் சொன்னாள்:

"என் பொண்ணுக்கு யாராவது போன் போடுங்க. அம்மா உளறலேன்னு சொல்லுங்க."