பெயர் சொல்லிப் பேசுகிற ஊர்

கனடாவுக்கு வந்து இருபத்தாறு ஆண்டுகளாகியும் ஒரு விஷயம் எனக்கு இன்னும் பழகவில்லை. எங்கள் பகுதி நூலகத்தில் பஸ் பாதையை மாற்றுவது பற்றிக் கூட்டம் வைத்தார்கள். வயதான பெண்மணி ஒருவர் எழுந்து, தன் பெயரையும் தெருவையும் சொல்லிவிட்டு, நகரசபை உறுப்பினரைக் கிழி கிழியென்று கிழித்தார். பிறகு அவரோடேயே நின்று கோப்பி குடித்தார். நானோ வாசலில் இருந்த வரவுத்தாளில் பெயரெழுதாமல் உள்ளே நழுவியவன்.

பெயர் எழுதிய தாள் யார் கைக்குப் போகுமோ என்ற பயத்தில் வளர்ந்தவன் நான். ஊரின் பாதி இராணுவ முகாமாக இருந்த காலத்தில், மாதாகோயில் பூசையைத் தவிர நாங்கள் எங்கும் கூடியதில்லை. இங்கே வந்த பிறகும் ஊரோடு தொலைபேசியில் பேசும்போது யாருடைய பெயரையும் வாய்விட்டுச் சொல்லமாட்டேன்.

போன மாதம் தங்கை செல்வி அழைத்தாள். முகாமை விட்டு ஆமி போய்விட்டதாம். அவர்கள் கட்டிய மண்டபத்தை என்ன செய்வதென்று ஊர் கூடிப் பேசப்போகிறதாம். பள்ளிக்கூட ரீச்சரான அவள், அதை நாடக மேடையாக்கச் சொல்லிக் கேட்கப்போகிறாளாம்.

“உனக்கென்ன விசரோ? நாளைக்கு அவங்கள் திரும்பி வந்தால்?”

“வரட்டும் அண்ணா. நீங்கள் கூட்டத்தைப் போனில பாருங்கோ.”

நான் வேலை செய்யும் ஒஷாவாவில், உள்ளே போகுமுன், காருக்குள் இருந்து பார்த்தேன். எனக்குக் காலை, அவர்களுக்குப் பின்னேரம். செல்வி தன் பெயரைச் சொல்லித்தான் தொடங்கினாள். அவள் முடிக்கவும் ஒரு முதியவர் எழுந்தார்.

“என்ர மகனை உதுக்குள்ள வச்சுத்தான் விசாரிச்சவங்கள். அதில போய் ஆடப்போறியளோ? இடிக்கவேணும்!”

செல்வி அவர் பக்கம் திரும்பினாள். “ஐயா, அப்ப முதல் நாடகம் உங்கட மகன்ர கதையா இருக்கட்டும். நீங்கள் சொல்லுங்கோ, நாங்கள் எழுதுறம்.”

“நான் கதை சொல்ல வரேல்லை பிள்ளை. இடிக்கச் சொல்லத்தான் வந்தனான்.”

அவரும் விடவில்லை, இவளும் விடவில்லை. யாரும் யாரையும் அடக்கி இருத்தவுமில்லை. பெருமையில் அழுதுவிட்டேன். கூட வேலை செய்யும் வெள்ளைக்காரர் கண்ணாடியில் தட்டி, வீட்டில் ஏதும் துக்கமா என்று கேட்டார். “நோ, மீட்டிங்” என்றேன். குழம்பிப்போய் நடந்தார்.

“கனடாவில இருந்து என்ர அண்ணாவும் பார்க்கிறார்,” என்று செல்வி போனைத் திருப்பினாள். குறிப்பெழுதும் பெண் நிமிர்ந்தாள். “பேரைச் சொல்லுங்கோ அங்கிள்.”

என் விரல் தானாகவே கமராவை மூடியது. “அவசரப்பட்டு இடிக்கவேண்டாம், அவசரப்பட்டு ஆடவும் வேண்டாம்,” என்று மட்டும் சொன்னேன். முடிவு அடுத்த கூட்டத்துக்குத் தள்ளிப்போனது.

மறுநாள் செல்வி கூட்டக் குறிப்பைப் படமெடுத்து அனுப்பினாள். பேசிய எல்லோருடைய பெயரும் அதில் இருந்தது. முதியவரின் பெயரோடு அவர் மகனின் பெயரும் இருந்தது. கடைசி வரி நான்: ‘கனடாவிலிருந்து ஒருவர்.’