வெள்ளிக்கிழமைப் புள்ளிகள்

காகிதத்தின் ஓரத்தை இரண்டு விரலால் பிடித்து இலேசாக ஆட்டுகிறார். இருட்டறைக்குள், தொலைநோக்கி வழியாக இறங்கிய சூரியன் அந்தக் காகிதத்தின் மேல் ஒரு சாப்பாட்டுத் தட்டின் அளவில் விழுந்திருக்கிறது. ஆட்டினால் காகிதத்தின் சொரசொரப்பு அசையும். சூரியனில் இருக்கும் கரும்புள்ளி அசையாது. அடுத்து, தொலைநோக்கியின் கடைசி வில்லையான ஐபீஸைத் திருகுகிறார். அதில் ஒட்டிய தூசி என்றால் கூடவே சுற்றும். இரண்டு சோதனைக்கும் அசையாததை மட்டும், மூச்சை அடக்கிக்கொண்டு, பென்சிலால் புள்ளியாகக் குறித்து வைக்கிறார். காகிதத்தைத் தாங்கும் பலகை அதிரும் என்று வலது கையில் வளையல் போடுவதில்லை.

முப்பத்தொரு வருடமாக, தன் வார விடுமுறையான வெள்ளிக்கிழமை தவிர, காலை வேலை இதுதான். ஆய்வகத்தில் அவர் பெயர் புள்ளி அக்கா. மேகம் மூடினால் அன்றைய கட்டத்தில் ‘மேகம்’ என்று எழுதிவிட்டு இறங்கிவிடுவார். முந்தின நாளையும் மறுநாளையும் பார்த்து நடுவில் ஒரு எண்ணைப் போட்டுக்கொள்ளலாமே என்று அதிகாரி ஒருவர் யோசனை சொன்னாராம். “பார்க்காததை எழுதினா அதுக்குப் பேரு கதைங்க” என்று பதில் போயிருக்கிறது.

சூரியனையே பார்த்தால் கண் கெடாதா என்று எல்லோரும் கேட்பார்கள். “நான் எங்கங்க சூரியனைப் பார்த்தேன்? காகிதத்தைத்தான் பார்க்கிறேன். கல்யாணமான புதுசுல எங்க வீட்டுக்காரரைப் பார்த்த மாதிரி, குனிஞ்ச தலை நிமிராம.”

இதைவிடப் பெரிய சூரியத் தொலைநோக்கிகள் மூன்றை வெவ்வேறு ஊர்களில் நிறுவியவர் இவர். தலைமுடியின் கனத்தில் ஆயிரத்தில் ஒரு பங்கு மேடு இருந்தாலும் ஆடியைத் திரும்பத் தேய்க்கச் சொல்வார். ஆனால் புள்ளி எண்ணுவதற்கு, நாலு விரல் அகல வில்லை போட்ட பழைய குழாய்தான். தொண்ணூறு வருடமாக அதில்தான் எண்ணியிருக்கிறார்கள். கருவி மாறினால் தாத்தா காலத்து எண்ணிக்கையோடு இன்றையதை ஒப்பிட முடியாது. “நல்ல தொலைநோக்கி வேற, அதே தொலைநோக்கி வேற. எனக்கு அதேதான் வேணும்” என்பார்.

அதற்காகவே ஒரு கருவிப் பதிவேடு உண்டு. வில்லை துடைத்தது, திருகாணி மாற்றியது, கறுப்புத் திரைச்சீலை கிழிந்து வேறு தைத்தது: எல்லாவற்றுக்கும் தேதி, செய்தவர், சரிபார்த்தவர் என்று மூன்று கட்டங்கள். பார்க்கிற ஆளும் கருவியில் சேர்த்திதானா என்பது பழைய கேள்வி. பதிவேடு அதைக் கேட்டதில்லை, அக்காவும் கேட்டதில்லை.

வெள்ளிக்கிழமைகளில் வரைபவர் நாற்பது வயதுக்காரர், அதிகம் பேசாதவர். மூன்று வருடமாக அவருடைய நாளில் மட்டும் புள்ளிகள் கூடுதல். “வாரம் பூரா சூரியன் நல்லா இருக்கு. வெள்ளிக்கிழமை ஆனா அம்மை போட்டுடுது” என்று அக்கா சிரிப்பார். சனிக்கிழமை காலை சிவப்புப் பென்சிலால் மங்கலான புள்ளிகளை அடித்து, ‘காகித மரு’ என்று ஓரத்தில் குறிப்பார். வெள்ளிக்காரர் ஒரே ஒரு முறை வாய் திறந்திருக்கிறார்: “அடிச்சுக்கோங்கக்கா. எனக்குத் தெரியுறதைத்தான நான் போட முடியும்?” அடுத்த வெள்ளியும் அப்படியே போட்டார்.

சென்ற ஆண்டு அக்காவுக்கு இரண்டு கண்ணிலும் புரை என்று தெரிந்து, வலது கண்ணில் அறுவை நடந்தது. ஒரு மாதம் கழித்து ஒரு திங்கட்கிழமை பலகை முன் நின்றார். பெரிய புள்ளிகளைச் சுற்றிக் கடுகு சிந்தியதுபோல் சின்னச் சின்னப் புள்ளிகள். கண்ணுக்குள் புதிதாக வைத்த வில்லையில் கோளாறு என்றுதான் முதலில் நினைத்தாராம். காகிதத்தை ஆட்டினார். ஐபீஸைத் திருகினார். எதுவும் அசையவில்லை. வலது கண்ணை மூடினார், கடுகு மறைந்தது. திறந்தார், இருந்தது. பிறகு வெள்ளிக்கிழமைக் கோப்பை இறக்கி வைத்துக்கொண்டு உட்கார்ந்துவிட்டார். சூரியன் காகிதத்தை விட்டு நகர்ந்து பலகையின் ஓரம் ஏறிப் போனது. அதைத் திரும்பக் கொண்டுவரும் குமிழை அவர் தொடவில்லை.

இடது கண்ணுக்கு மறுமாதமே நாள் குறித்திருந்தார்கள். அதைத் தள்ளிப்போட்டார். அந்தக் கண்ணும் மாறிவிட்டால், பழைய பார்வைக்கு எவ்வளவு தப்பியது என்று அளக்க உலகத்தில் வேறு கருவி கிடையாது. புரை முற்றினால் அறுவை சிரமம் என்றார் மருத்துவர். வீட்டுப் படியில் அக்கா இரண்டு தடவை தடுக்கி விழப் பார்த்தார். “கண்ணைச் சூரியனுக்கு எழுதி வச்சுட்டியா?” என்று கேட்டார் கணவர். “ஆறு மாசம் வாடகைக்குத்தான் விட்டிருக்கேன்” என்றார் இவர். கணவர் மறுநாளே படிக்கட்டின் விளிம்புகளுக்கு வெள்ளைச் சாயம் அடித்து வைத்தார்.

ஆறு மாதமும் தினம் இரண்டு படம். முதலில் வலது கண்ணைக் கறுப்புத் துணியால் கட்டிக்கொண்டு பழைய கண்ணால். பிறகு இடதைக் கட்டிக்கொண்டு புதியதால். வரிசை மாறக் கூடாது. “புதுசு முதல்ல பார்த்துட்டா பழசு காப்பியடிக்கும். எனக்கு என்னைத் தெரியாதா?” ஆறு புள்ளிக்கு ஒன்றைப் பழைய கண் தவறவிட்டிருந்தது. வெள்ளிக்கிழமைப் படங்களில் தான் போட்ட சிவப்புக் கோடுகள் இருநூற்றுப் பதினொன்றையும் அழிக்கவில்லை. பதிவில் எதையும் அழிப்பது அங்கே வழக்கமில்லை. ஒவ்வொன்றின் கீழும் ‘இருந்தது’ என்று எழுதியிருக்கிறார்.

இரண்டாவது அறுவை ஒரு சனிக்கிழமைக்குக் குறிக்கப்பட்டிருந்தது. முந்தின நாள் விடுமுறை, ஆனாலும் வந்தார். வெள்ளிக்காரர் படத்தை முடித்துப் பென்சிலைக் கீழே வைக்கும் வரை கதவருகே நின்றார். பிறகு கருவிப் பதிவேட்டை விரித்து நிதானமாக எழுதினார்: ‘பார்ப்பவரின் இரு கண்களும் மங்கத் தொடங்கின.’ தேதிக் கட்டத்தில் ‘தெரியவில்லை’ என்று எழுதினார். அந்தப் பதிவேட்டில் தேதி இல்லாத வரி அது ஒன்றுதான். அடுத்த வரியில் வலது கண்ணின் வில்லை மாற்றியதைத் தேதியோடு எழுதினார்.

வெள்ளிக்காரர் திரைச்சீலையை விலக்கப் போனார். “அது இருக்கட்டும் தம்பி, இங்க வாங்க” என்றார் அக்கா. பதிவேட்டை அவர் பக்கம் திருப்பி, பேனாவை அதன் மேல் வைத்து, ‘சரிபார்த்தவர்’ என்ற கட்டத்தின் மேல் விரலை ஊன்றினார்.